ஒசாகாவில் இருக்கும் மகளுக்கு

அன்பு மகள் தாமரைக்கு,

பெண்கள் மட்டுமே நடிக்கும் தகராசுகா குழுவின் இசை நாடகத்துக்குத் தோழி அழைத்ததாகவும், பெண்கள் ஆண் வேடம் கட்டி ஆடுவதில் பார்க்க என்ன இருக்கிறது என்று நீ மறுத்துவிட்டதாகவும் எழுதியிருந்தாய். சென்ற ஆண்டு உன்னிடம் வந்து தங்கியிருந்தபோது அதைப் பார்த்தவள் நான்; பதில் எழுதாமல் இருக்க மனம் கேட்கவில்லை.

இன்று ஹான்கியூ எனப்படும் ரயில் நிறுவனத்தை நடத்திய கொபயாஷி இச்சிசோ, தம் ரயில் பாதை முடியும் தகராசுகா என்ற வெந்நீர் ஊற்று ஊருக்குக் கூட்டம் சேர்க்கவே 1913இல் சிறுமிகளைத் திரட்டிப் பாட்டுக் கற்பித்தார். மறு ஆண்டு, நீச்சல் குளத்தை மாற்றியமைத்த அரங்கில் அவர்கள் மேடையேறினார்கள். வியாபாரத்துக்காகத் தொடங்கியதை அந்தப் பெண்கள் ஒரு தனிக் கலையாகவே வளர்த்துவிட்டார்கள்.

குழுவின் இசைப்பள்ளியில் இரண்டு ஆண்டுகள் பயின்று வருகிறவர்களில் ஆண் வேடத்துக்கு உரியவளை ஒதொகொயாகு என்கிறார்கள். அந்த வேடம் கைவரப் பத்து ஆண்டுகள் ஆகும் என்பது அவர்களிடையே வழங்கும் பேச்சு. முடியைக் குட்டையாக வெட்டி, தோளுக்குத் திண்டு வைத்து, குரலைத் தாழ்த்தி, தொப்பியின் விளிம்பை இரண்டு விரலால் இழுத்துவிடுவதைக்கூட மூத்தவர்களைப் பார்த்துப் பழகுகிறாள். அவளுக்கு இணையாக நிற்கும் முசுமெயாகு, அதாவது பெண் வேடக்காரி, நீண்ட பாவாடைக்குள் முழங்காலைச் சற்றே மடக்கி, உடலைச் சாய்த்து நிற்பதால்தான் அந்த ஆண் அவ்வளவு உயரமாகத் தெரிகிறான். கைதட்டல் அவனுக்குப் போனாலும் அந்த உயரத்தில் பாதி இவள் கொடுத்தது. இறுதியில் 26 படிகள் கொண்ட பெரும் படிக்கட்டில், முதுகில் பெரிய இறகுச் சுமையுடன், குனிந்து காலைப் பார்க்காமல் தலைமை நடிகை இறங்கி வருவாள். நான் மூச்சை அடக்கிக்கொண்டு பார்த்தேன்.

குறையும் உண்டு. திருமணம் செய்துகொண்டால் குழுவை விட்டு விலக வேண்டும் என்ற வழக்கம் எனக்கு உடன்பாடில்லை. 2023இல் இளம் நடிகை ஒருத்தி இறந்த பின், மூத்தவர்களால் அவள் துன்புறுத்தப்பட்டதை 2024இல் குழுவை நடத்தும் நிறுவனமே ஒப்புக்கொண்டு குடும்பத்தாரிடம் மன்னிப்புக் கேட்டது. பெற்ற வயிறு பற்றி எரிகிறது. கண்டிப்பில்லாமல் இந்தக் கலை வராது என்று யார் சொன்னாலும் நான் ஏற்கமாட்டேன். அவ்வளவு நுட்பமான உழைப்பைத் தாமே விரும்பித் தருகிறவர்களை மிரட்ட வேண்டிய தேவை என்ன?

தோழியிடம் வருகிறேன் என்று சொல். இரண்டாம் மாடியில் மலிவான இடம் கிடைத்தாலும் தயங்காதே. மேடை முழுவதும் அங்கிருந்து தெரியும். ஆண் வேடக்காரியை எல்லோரும் பார்ப்பார்கள். பக்கத்தில் இருப்பவள் எப்படி நிற்கிறாள் என்று கவனித்து எனக்கு எழுது.

அன்புடன்,
அம்மா