வீட்டுக் கடன்: தவணையைக் கேட்கிறோம், மொத்தத்தைக் கேட்பதில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நீடாமங்கலத்தை அடுத்த கிராமம் ஒன்றில் அரை வேலி நிலத்தில் பயிர் செய்துகொண்டு, அரிசி ஆலை ஒன்றில் கணக்கும் எழுதி வருகிறேன். சில வாரங்களுக்கு முன் என் தங்கை மகன், வீடு கட்டக் கடன் கேட்டு ஒரு நிதி நிறுவனத்துக்குப் போய்விட்டு, அங்கே கொடுத்த தாள்களோடு ஆலைக்கே வந்தான். 20 லட்சம் ரூபாய் கடன், 9 சதவீத மாறும் வட்டி, 20 ஆண்டுகள், மாதத் தவணை 17,995 ரூபாய். "மாசம் பதினெட்டாயிரம்தானே மாமா, ரெண்டு பேரும் சம்பாதிக்கிறோம், கட்டிடலாம்" என்றான். மொத்தமாக எவ்வளவு கட்ட வேண்டும் என்று நான் கேட்டபோது அவனிடம் பதில் இல்லை. அந்தக் கேள்வியை அங்கே அவனும் கேட்கவில்லை, அவர்களாகவும் சொல்லவில்லை. அதனால்தான் இந்தக் கடிதத்தை எழுதுகிறேன்.

நெல் மூட்டைக் கணக்கு எழுதும் பேரேட்டின் கடைசிப் பக்கத்தில் இருவரும் உட்கார்ந்து அந்தக் கடனை எழுதிப் பார்த்தோம். 240 தவணைகளையும் கட்டி முடித்தால் மொத்தம் 43 லட்சத்து 18 ஆயிரத்துச் சொச்சம். வாங்கிய 20 லட்சம் போக வட்டி மட்டும் 23 லட்சத்து 18 ஆயிரம். முதல் மாதம் கட்டும் 17,995 ரூபாயில் 15,000 வட்டிக்குப் போகிறது, அசலில் கழிவது 2,995 ரூபாய்தான். ஐந்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் கட்டினால் கையை விட்டுப் போவது ஏறத்தாழ 10 லட்சத்து 80 ஆயிரம், ஆனால் அசல் குறைவது 2 லட்சத்து 26 ஆயிரம். பத்தாம் ஆண்டு முடிவில், வாங்கிய தொகையைவிடக் கூடுதலாகவே, 21 லட்சத்து 60 ஆயிரம் வரை கட்டியிருப்போம். அப்போதும் 14 லட்சத்து 20 ஆயிரம் பாக்கி நிற்கும். அசல் சரிபாதியாகக் குறைவதற்கே 14 ஆண்டுகள் ஆகின்றன.

இதில் மோசடி எதுவும் இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். பாக்கி நிற்கும் அசலுக்குத்தான் மாதாமாதம் வட்டி போடுகிறார்கள். தொடக்கத்தில் அசல் பெரிதாக இருப்பதால் தவணையின் பெரும்பகுதியை வட்டி எடுத்துக்கொள்கிறது, அசல் இறங்க இறங்க அந்தப் பங்கு மெல்லத் திரும்புகிறது. நம் பக்கத்தில் நூற்றுக்கு இரண்டு வட்டிக்குக் கைமாற்று வாங்கிப் பழகியவர்கள் அதிகம். அது ஆண்டுக்கு 24 சதவீதம் ஆகிறது என்பதால், 9 சதவீதம் என்றதும் மனம் இளகிவிடுகிறது. ஆனால் கைமாற்றுக் கடன் ஓர் அறுவடையில் தொடங்கி அடுத்த அறுவடையில் முடிகிற கடன். வீட்டுக் கடனோ இருபது சம்பாவைத் தாண்டிப் போகிற கடன். இங்கே செலவைத் தீர்மானிப்பதில் வட்டி விகிதத்துக்கு இருக்கிற அதே பங்கு காலத்துக்கும் இருக்கிறது என்பதை நாம் கவனிக்கத் தவறுகிறோம்.

அந்தத் தாள்களிலேயே இன்னொரு வாய்ப்பையும் எழுதியிருந்தார்கள். 25 ஆண்டுகளாக நீட்டிக்கொண்டால் தவணை 16,784 ரூபாயாகக் குறையும் என்று அதற்குக் கீழே பேனாவால் கோடிட்டுக் கொடுத்திருந்தார்கள். மாதம் 1,211 ரூபாய் குறைகிறது என்பது அந்தக் கோட்டில் தெரிந்தது. அந்த நீட்டிப்பால் வட்டி மேலும் 7 லட்சத்து 16 ஆயிரம் கூடுகிறது என்பது எங்கும் எழுதப்படவில்லை. மாறாக, 15 ஆண்டுகளாகச் சுருக்கினால் தவணை 20,285 ஆகும். மாதம் 2,290 ரூபாய் கூடுதலாகக் கட்டுவதால் வட்டியில் மிச்சமாவது 6 லட்சத்து 67 ஆயிரம். இந்த மூன்று கணக்குகளையும் ஒரே தாளில் அருகருகே எழுதிக் காட்டினால், கடன் வாங்குபவர் தம் சக்திக்கு ஏற்றதைத் தாமே தேர்ந்துகொள்வார்.

இருபது ஆண்டு கழித்துக் கட்டும் பதினெட்டாயிரம் இன்றைய பதினெட்டாயிரத்துக்குச் சமம் ஆகாது, விலைவாசி ஏற ஏறத் தவணையின் பாரம் குறையும் என்று சிலர் சொல்வதுண்டு. ஆண்டுதோறும் ஊதியம் உயரும் வேலையில் இருப்பவருக்கு அது பெருமளவு பொருந்தும், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் வருமானத்தில் பாதியாவது வயலிலிருந்து வருகிற குடும்பங்களுக்கு அப்படிச் சொல்லிவிட முடியாது. மேட்டூர் அணை ஜூன் 12-ஆம் தேதி திறக்கப்பட வேண்டும் என்பது மரபு. 2012 முதல் 2019 வரை எட்டு ஆண்டுகள் தொடர்ந்து அந்தத் தேதியில் அணை திறக்கப்படவில்லை, 2020-இல்தான் மீண்டும் திறந்தார்கள். இடையில் 2018 நவம்பரில் கஜா புயல் வந்து போனது. குறுவை இல்லாமல் போன ஆண்டும், சம்பா சாய்ந்துபோன ஆண்டும் தவணைத் தேதிக்குத் தெரியாது. டெல்டாவில் இருபது ஆண்டுக் கடன் வாங்குகிறவர், அவற்றில் சில ஆண்டுகள் இப்படித்தான் இருக்கும் என்று எழுதிக்கொண்டே கையெழுத்துப் போட வேண்டும்.

அந்த எட்டு ஆண்டுகளின் வாசலில்தான், 2011-இன் தொடக்கத்தில், நானும் கடன் வாங்கினேன். 8 லட்சம் ரூபாய், 10 சதவீத மாறும் வட்டி, 15 ஆண்டுகள், தவணை 8,597 ரூபாய். ஓராண்டுக்குப் பின் வட்டி 11 சதவீதமாக உயர்ந்தது. என் கணக்கிலிருந்து மாதாமாதம் எடுக்கப்பட்ட தொகை மாறாததால் எனக்கு எதுவும் தெரியவில்லை. 2014 தை மாதம், சம்பா நெல் விற்ற பணத்தில் ஒரு லட்சத்தை அசலில் கட்டுவதற்காகச் சென்றபோது, கணினியிலிருந்து எடுத்துக் கொடுத்த தாளில் மொத்தத் தவணைகள் 204 என்று இருந்தது. 180 என்றுதானே கையெழுத்துப் போட்டேன் என்று கேட்டேன். "உங்க தவணை கூடலையே சார், அதனாலதான் சொல்லலை" என்று எதிரே இருந்தவர் சாதாரணமாகச் சொன்னார். வட்டி ஏறியதற்குத் தவணையைக் கூட்டாமல் காலத்தை நீட்டியிருக்கிறார்கள். கூடிய 24 தவணைகள் என்றால் இரண்டு லட்சம் ரூபாய்க்கு மேல், என் வாழ்நாளில் இரண்டு ஆண்டுகள். நாள் முழுவதும் பிறருடைய வட்டியைக் கணக்கிடும் எனக்கே அது தெரியாமல் போனதை நினைத்து இன்றும் மனம் ஆறவில்லை.

அப்போது இல்லாத சில பாதுகாப்புகள் இப்போது இருக்கின்றன. அவற்றை நம் மக்கள் அறியாமல் இருப்பதுதான் எனக்குப் பெரிய கவலை. ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் (வங்கிகளுக்குத் தரும் குறுகிய காலக் கடனுக்கு அது வாங்கும் வட்டி) 2022 மே மாதத்தில் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.50 சதவீதத்தைத் தொட்டது. 2021-இன் இறுதியில் 6.9 சதவீதத்துக்கு 20 லட்சம் வாங்கி, 15,386 ரூபாய் தவணை கட்டிவந்த ஒருவருக்கு வட்டி 9.4 சதவீதமானதும் தவணை ஏறத்தாழ முழுவதும் வட்டிக்கே போய்விடும், அசல் நின்ற இடத்திலேயே நிற்கும். இந்தப் பின்னணியில்தான் 2023 ஆகஸ்ட் 18-ஆம் தேதி ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. அதன்படி, வட்டி மாறும்போது தவணையோ காலமோ எப்படி மாறும் என்பதைக் கடன்தாரருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் செய்வதா, ஒரு பகுதியையோ முழுவதையுமோ முன்கூட்டியே கட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன்தாரருக்கு உண்டு. வட்டிகூடக் கழியாமல் கடன் வளர்ந்துகொண்டே போகும்படி காலத்தை நீட்டக் கூடாது. இதுவரை கழிந்த அசலும் வட்டியும், இன்னும் எத்தனை தவணைகள் மீதம் என்பதும் அடங்கிய அறிக்கையை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தர வேண்டும். அந்த அறிக்கையில் மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை என்ற ஒரு வரியை மட்டுமாவது ஒவ்வொருவரும் பார்க்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். 2014-இல் நான் தற்செயலாகப் பார்த்த வரி அதுதான்.

வட்டி இறங்கும்போதும் இதே கவனம் வேண்டும். 2025-இல் ரெப்போ விகிதம் 6.50-லிருந்து படிப்படியாக 5.25 சதவீதமாகக் குறைந்தது. அந்தக் குறைப்பு தம் கடனுக்கு வந்து சேர்ந்ததா என்று விசாரிப்பவர் சிலரே. வந்திருந்தால், தவணையைக் குறைத்துக்கொள்ளாமல் பழைய தொகையையே கட்டிக் காலத்தைச் சுருக்கிக்கொள்வது நல்லது என்பது என் கருத்து. ஏற்கெனவே கட்டிப் பழகிய தொகை என்பதால் அது புதிய சுமையாகத் தெரியாது.

சொந்த மனையில் வீடு கட்டுபவர்கள் கவனிக்க வேண்டிய வேறொன்றும் உண்டு. கடன் தொகை ஒரே நாளில் கைக்கு வருவதில்லை. அஸ்திவாரம், லிண்டல் மட்டம், தளம் என்று வேலை ஏற ஏறப் பகுதி பகுதியாகத் தருகிறார்கள். முழுத் தொகையும் தரப்படும் வரை, தந்த தொகைக்கு வட்டியை மட்டும் வசூலிக்கும் முறை பரவலாக உள்ளது. 12 லட்சம் வாங்கிய நிலையில் வேலை நின்றால் மாதம் 9,000 ரூபாய் வெறும் வட்டியாகப் போகும், அசலில் ஒரு ரூபாயும் கழியாது. ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் நம் களிமண் பூமியில் கட்டுமான வேலை எப்படி நிற்கும் என்று எல்லோருக்கும் தெரியும். தை பிறந்த பின் வேலையைத் தொடங்கி மழைக்கு முன் தளம் போட்டுவிடத் திட்டமிட்டால், சில மாத வட்டி மிச்சமாகும்.

கடனோடு சேர்த்து எடுக்கச் சொல்லும் காப்பீடும் இப்படித்தான். குடும்பத் தலைவர் இறந்துபோனால் வீடு கடனில் போகாமல் காப்பதால் காப்பீடு தேவையானதுதான். ஆனால் 60,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால், 9 சதவீதத்தில் 20 ஆண்டுகள் முடியும்போது அதற்காகக் கட்டியது 1 லட்சத்து 29 ஆயிரத்துக்கு மேல் ஆகியிருக்கும். இயன்றவர்கள் அந்தத் தொகையைக் கையிலிருந்து தனியே கட்டிவிடலாம். வருமான வரிச் சலுகையைக் காட்டிக் கடனை இனிப்பாக்குவதும் நடக்கிறது. விவசாய வருமானத்துக்கு வருமான வரியே இல்லாதபோது அதைக் கொண்டு வாழ்பவருக்கு இந்தச் சலுகையால் பயன் இல்லை. புதிய வரி முறையில் இருக்கும் ஊதியக்காரருக்கும் தாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது.

நம் வருமானத்தின் இயல்பே நமக்குச் சாதகமாகும் இடமும் ஒன்று இருக்கிறது. சம்பா நெல்லை நேரடிக் கொள்முதல் நிலையத்தில் போட்டபின் தை, மாசியில் மொத்தமாகப் பணம் வருகிறது. தனிநபர்கள் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே கட்டினால் அபராதம் வசூலிக்கக் கூடாது என்று வங்கிகளுக்கு 2012-லும், வங்கி அல்லாத நிதி நிறுவனங்களுக்கு 2014-லும் ரிசர்வ் வங்கி விதித்துவிட்டது. என் தங்கை மகனின் கணக்கில், ஆண்டுக்கு ஒருமுறை ஒரே ஒரு தவணைத் தொகையைக் கூடுதலாக அசலில் கட்டிவந்தால், கடன் 16 ஆண்டு 7 மாதத்தில் முடிந்துவிடுகிறது. வட்டியில் 4 லட்சத்து 60 ஆயிரம் ரூபாய் மிச்சமாகிறது. நானும் 2014-க்குப் பிறகு விளைந்த ஆண்டுகளில் எல்லாம் இப்படிக் கட்டி, 2021 தை மாதத்தில் கடனை முடித்தேன். விளையாத ஆண்டுகளில் தவணையை மட்டும் கட்டினேன். பகுதித் தொகை கட்டும்போது "காலத்தைக் குறைக்கவும்" என்று கைப்பட எழுதிக் கொடுத்து, அதன் நகலில் முத்திரை வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். எழுதிக் கொடுக்காவிட்டால் அவர்கள் தவணையைக் குறைத்துவிடக்கூடும், அப்போது மிச்சமாகும் வட்டி வெகுவாகக் குறையும்.

2024 அக்டோபர் 1 முதல், புதிய வீட்டுக் கடன் ஒவ்வொன்றுக்கும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கையெழுத்துக்கு முன்பே கடன்தாரருக்குத் தர வேண்டும் என்பது விதி. எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு வட்டி விகிதமும், ஒவ்வொரு தவணையிலும் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்ற அட்டவணையும் அதில் இருக்க வேண்டும். கடன்தாரருக்குப் புரியும் மொழியில் அது இருக்க வேண்டும் என்றும் அந்த விதி சொல்கிறது. என் தங்கை மகன் கொண்டுவந்த தாள்கள் முழுவதும் ஆங்கிலத்தில் இருந்தன, அட்டவணை அவற்றில் இல்லை. மறுநாள் இருவரும் நேரில் போய்த் தமிழில் வேண்டும் என்று எழுதிக் கொடுத்தோம். இரண்டு நாள் கழித்து வரச் சொன்னார்கள், நான்காம் நாள் கிடைத்தது. 240 வரிகள் கொண்ட அந்த அட்டவணையை அவன் வீட்டுத் திண்ணையில் வைத்து, அவன் மனைவியும் என் தங்கையும் உடனிருக்க, ஒவ்வோர் ஆண்டின் கடைசி வரியையும் வாய்விட்டுப் படித்தோம். படித்து முடித்தபின் அவர்கள் கேட்கும் கடனை 16 லட்சமாகக் குறைத்துக்கொண்டு, மாடியறையை இப்போதைக்கு விட்டுவிட முடிவு செய்தார்கள்.

தங்கள் நாளிதழ் தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்டங்களில் டீக்கடைப் பெஞ்சுவரை போய்ச் சேர்கிறது. முக்கிய விவர அறிக்கையின் மாதிரி ஒன்றையும், 20 லட்சம் ரூபாய்க் கடனுக்கு 15, 20, 25 ஆண்டுக் கணக்கையும் தமிழில் ஒரு முழுப் பக்கத்தில் வெளியிடுமாறு பணிவன்புடன் கேட்டுக்கொள்கிறேன். தை அறுவடை முடிந்து புது வீட்டுப் பேச்சு எழுகிற நாட்களில் அது வெளிவந்தால் பலருக்கும் உதவும்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
நீடாமங்கலம் வட்டம், திருவாரூர் மாவட்டம்.