அந்த நிருபர் வன்னிக்குள் எப்போது வந்தார்?

மதிப்புக்குரிய ஆசிரியருக்கு,

கடந்த ஞாயிறு இதழில் வெளிநாட்டுத் தொலைக்காட்சி விமர்சகர் ஒருவரைப் பற்றி முழுப்பக்கக் கட்டுரை வந்திருந்தது. போர்முனை நிருபராகத் தொடங்கியவர், இப்போது எந்த நாட்டில் குண்டு விழுந்தாலும் ஸ்ரூடியோவில் இருந்து விளக்கம் சொல்கிறார் என்று எழுதியிருந்தீர்கள். சரி, அது அவருடைய தொழில். ஆனால் "வன்னியின் இறுதிப் போரை நேரில் கண்டு உலகுக்குச் சொன்னவர்" என்று ஒரு வரி இருந்ததே, அதை எப்படி அச்சேற விட்டீர்கள்?

உங்களுக்குத் தெரியாதது இல்லை. 2008 செப்டெம்பரில் ஐ.நா. அமைப்புகளை வன்னியை விட்டு வெளியேறச் சொன்னது அரசாங்கம். கிளிநொச்சியில் அவர்களின் அலுவலக வாசலில் சனம் கூடி நின்று, போகாதீர்கள் என்று மன்றாடியது. போய்விட்டார்கள். அதன்பிறகு 2009 மே வரை, படையினர் கூட்டிவந்து காட்டிய இடங்களைத் தவிர வேறொன்றையும் வெளிநாட்டு நிருபர்கள் பார்க்க முடியவில்லை. விசுவமடு, உடையார்கட்டு, சுதந்திரபுரம், இரணைப்பாலை, மாத்தளன் என்று தறப்பாளையும் சட்டிபானையையும் தூக்கிக்கொண்டு ஓடிய நாங்கள் அவர்களில் ஒருவரையும் காணவில்லை. ஷெல் அடித்தவர்களையும் எங்களுக்குத் தெரியும், போக விடாமல் மறித்தவர்களையும் தெரியும். எங்களிடம் கேட்க உங்களுக்கு ஏன் தோன்றவில்லை?

உள்ளிருந்து செய்தி சொன்னவர்கள் எங்கள் பிள்ளைகள். பு. சத்தியமூர்த்தி புலம்பெயர் ஊடகங்களுக்கு நிலவரம் சொல்லிக்கொண்டிருந்தவர். 2009 பெப்ரவரி 12 அன்று தேவிபுரத்தில் ஷெல் பட்டுச் செத்துப்போனார். அவருடைய நினைவுநாளுக்கு உங்கள் பத்திரிகை ஒரு முழுப்பக்கம் கொடுத்து நான் பார்த்ததில்லை. காயப்பட்டவர்களின் கணக்கை வெளியே சொன்ன வைத்தியர்களைப் போர் முடிந்ததும் பிடித்து வைத்து, சொன்னதெல்லாம் மிகைப்படுத்தல் என்று பத்திரிகையாளர் முன்னிலையில் சொல்ல வைத்தார்கள். ஒரு உண்மையைச் சொன்னதற்கு இங்கே கொடுத்த விலை இது.

வெளிநாட்டு நிருபர்கள் எல்லோர்மீதும் எனக்குக் கோபம் என்று நினைக்க வேண்டாம். மேரி கொல்வின் 2001 இல் தடையை மீறி வன்னிக்குள் வந்தார். பொருளாதாரத் தடையில் நாங்கள் பட்ட பாட்டை எழுதினார். திரும்பிப் போகும்போது வவுனியாப் பக்கம் படையினர் ஏவிய குண்டில் இடது கண்ணின் பார்வையை இழந்தார். அதன்பிறகும் களத்தை விடவில்லை. 2012 பெப்ரவரியில் சிரியாவில் கொல்லப்படுவதற்கு முதல் நாள் தொலைக்காட்சிகளுக்குப் பேசியதும் ஹோம்ஸ் நகரத்துக்குள் இருந்துதான். நேரில் கண்டவர் என்று அவரைச் சொல்லுங்கள், கைகூப்பி ஏற்றுக்கொள்கிறோம்.

இடம்பெயர்ந்த எங்களை அடைத்து வைத்த வவுனியா மெனிக்பாம் முகாமில் நாங்கள் இருந்தபோது கமராவோடு சில வெளிநாட்டவர்கள் வந்தார்கள். பக்கத்திலேயே படையினர். முட்கம்பிக்கு அந்தப் பக்கம் நின்று, சாப்பாடு கிடைக்கிறதா என்று கேட்டார்கள். அண்ணன் மகனைக் காணவில்லை, தேடித் தாருங்கள் என்று நான் சொல்லத் தொடங்கினேன். மொழிபெயர்த்த பெடியன் சீருடைக்காரரைப் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டான். அவனைக் குறை சொல்ல மாட்டேன். அவர்கள் விமானம் ஏறிப் போய்விடுவார்கள், அவன் இங்கேதான் இருக்க வேண்டும். என் பெயரைக்கூட ஒருவரும் கேட்கவில்லை. அண்ணன் மகன் இன்றுவரை வரவில்லை.

ஒவ்வொரு மே மாதமும் இப்படிப்பட்ட விமர்சகர்களின் பேட்டியைத் தேடி எடுத்து மொழிபெயர்த்துப் போடுகிறீர்கள். அந்தப் பக்கங்களில் முல்லைத்தீவில் இருக்கிற ஒரு தாயின் பேட்டியை நான் கண்டதே இல்லை. இதைப் பற்றி முன்பும் எழுதினேன், பிரசுரமாகவில்லை. இடமில்லாமல் போயிருக்கலாம் என்று பேசாமல் இருந்துவிட்டேன்.

இந்த முறை அப்படி இருக்க முடியவில்லை. அந்த ஒரு வரி பிழை என்று வரும் ஞாயிறு இதழில், அதே பக்கத்தில், கண்ணுக்குத் தெரிகிற எழுத்தில் போடுங்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் உங்கள் பத்திரிகையை வெட்டி ஒட்டித்தான் ஒப்படை செய்கிறார்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியை,
விசுவமடு