டப்பாவைத் திறந்து கொடுங்கள்: படச் சுருள் சேகரிப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

பழைய தொலைக்காட்சிப் படச் சுருள்களைச் சேகரித்து வைத்திருக்கும் அன்பர்களுக்கு,

வணக்கம். நீங்கள் எந்த ஊரில் இருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியாது. 1964இல் பிபிசி ஒளிபரப்பிய ‘மார்கோ போலோ’ கதையின் ஒரு பகுதியாவது உங்கள் அலமாரியில் இருக்குமானால், இந்த மடல் உங்களுக்குத்தான்.

‘டாக்டர் ஹூ’ என்ற அறிவியல் புனைகதைத் தொடரின் நான்காவது கதை அது. பிப்ரவரி 22 முதல் ஏப்ரல் 4 வரை, ஏழு சனிக்கிழமைகள் ஒளிபரப்பானது. ஏழு பகுதிகளில் ஒன்றுகூட இன்று பிபிசியிடம் இல்லை. ஆறு பகுதிகளை இயக்கியவர் வாரிஸ் ஹுசைன். லக்னோவில் பிறந்து, சிறுவனாக இங்கிலாந்து போனவர். எழுத்தாளர் அத்தியா ஹுசைனின் மகன். 1963இல் இந்தத் தொடரின் முதல் கதையை இயக்கியபோது அவருக்கு வயது 24. தயாரிப்பாளர் வெரிட்டி லாம்பர்ட்டுக்கு 27. அன்றைய பிபிசி நாடகப் பிரிவில் பெண் தயாரிப்பாளர் என்றால் அவர் ஒருவர்தான். ஓர் இந்திய இளைஞரும் ஒரு பெண்ணும்! பெரியவர்கள் புருவத்தை உயர்த்தியிருக்க மாட்டார்கள் என்றா நினைக்கிறீர்கள்?

இவர்களுக்குக் கிடைத்தது லைம் குரோவ் என்ற பழைய வளாகத்தின் ‘டி’ ஸ்டூடியோ. சின்ன இடம், விளக்குகளின் வெக்கை, தள்ளி நகர்த்த வேண்டிய கனத்த கேமராக்கள். வீடியோ நாடாவை வெட்டி ஒட்டுவது செலவான வேலை என்பதால், வாரம் முழுக்க ஒத்திகை பார்த்துவிட்டு, ஒரே மாலையில் கிட்டத்தட்ட நேரலைபோலவே பதிவு செய்தார்கள். தொடரின் முதல் பகுதியின் முதல் பதிவில் விண்கலத்தின் கதவு சரியாக மூடவில்லை. காட்சி ஓடும்போதே தடதடவென்று அடித்துக்கொண்டது. நாடகப் பிரிவுத் தலைவர் சிட்னி நியூமன் பார்த்துவிட்டு, முழுவதையும் மறுபடி எடுக்கச் சொன்னார். எடுத்தார்கள். நவம்பர் 23 அன்று ஒளிபரப்பானது. கென்னடி சுடப்பட்டதற்கு மறுநாள்! அதனால் அடுத்த வாரம் அதையே இன்னொரு முறை காட்ட வேண்டியதாயிற்று.

அந்த முதல் பகுதி தப்பித்தது. மார்கோ போலோ தப்பவில்லை. நாடா விலை அதிகம் என்று அழித்து மறுபடி பயன்படுத்தினார்கள். வெளிநாட்டு விற்பனைக்காகப் பிரதியெடுத்த 16 மி.மீ. சுருள்களை, விற்பனை உரிமைக் காலம் முடிந்ததும் குப்பைக்கு அனுப்பினார்கள். வண்ணம் வந்த பிறகு கறுப்பு வெள்ளையை யார் வாங்குவார்கள் என்ற கணக்கு. 1978 வரை இந்தத் திருப்பணி நடந்தது.

“ஒலி முழுவதும் இருக்கிறதே, படங்களும் இருக்கின்றனவே” என்பீர்கள். உண்மைதான். ரசிகர்கள் வீட்டில் பதிவு செய்த ஒலிநாடாக்கள் இருக்கின்றன. ஜான் குரா என்ற புகைப்படக்காரர் தொலைக்காட்சித் திரையையே படமெடுத்து இயக்குநர்களுக்கு விற்றுவந்தார். அப்படி வாங்கிய படங்களை ஹுசைன் பத்திரமாக வைத்திருந்தார். ஆனால் ஒலியில் இருப்பது எழுத்தாளரும் நடிகர்களும். நின்ற படத்தில் இருப்பது அரங்கமும் உடையும். ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்கு எந்த நொடியில் தாவுவது, கேமராவை எப்போது நெருக்கிக் கொண்டுபோவது, பின்னால் நிற்பவரை எப்போது முன்னே நடக்கவிடுவது என்பவைதான் இயக்குநரின் வேலை. தொலைந்திருப்பது துல்லியமாக அதுதான். அந்த ஏழு வாரங்களில் மற்ற எல்லோருடைய உழைப்பிலும் கொஞ்சம் மிஞ்சியிருக்கிறது. அவருடையதில் மட்டும் ஒன்றுமில்லை.

உங்கள் தயக்கமும் புரிகிறது. குப்பையிலிருந்து காப்பாற்றியவரைத் திருடன் என்பார்களோ என்ற பயம். பிரதி வெளியே போனால் மதிப்புக் குறையுமே என்ற எண்ணம். முன்பே கொடுத்தவர்களைப் பாருங்கள். பள்ளி விழாவில் மற்றச் சுருள்களோடு வாங்கிய, இதே தொடரின் வேறு கதைகளைச் சேர்ந்த இரண்டு பகுதிகளை ஒருவர் 2011இல் வெளியே கொண்டுவந்தார். அவருக்குக் கிடைத்தது நன்றிதான், வழக்கு அல்ல. லண்டனில் ஒரு தேவாலயத்தின் அடித்தளத்திலிருந்தும், ஹாங்காங்கிலிருந்தும், நைஜீரியாவிலிருந்தும்கூடச் சுருள்கள் வந்திருக்கின்றன.

இன்னொன்று. அசிடேட் என்ற பிளாஸ்டிக்கால் ஆன படச் சுருள் சும்மா இருக்காது. டப்பாவைத் திறந்ததும் காடி வாடை மூக்கில் ஏறினால், அது சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். பிறகு சுருங்கும், வளையும், எந்தக் கருவியிலும் ஓடாது. யாருக்கும் காட்டாமல் காத்த பொருள் உங்களுக்கும் இல்லாமல் போகும். வாரிஸ் ஹுசைன் 1938இல் பிறந்தவர். கணக்கை நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்.

சுருளை விட்டுக்கொடுங்கள் என்று கேட்கவில்லை. பிரதி எடுக்க இரவல் கொடுங்கள், பெயர் சொல்ல வேண்டாம், நம்பகமான ஒருவர் மூலம் அனுப்புங்கள். உங்களிடம் இருப்பது நான்காம் பகுதி மட்டும்தான் என்றாலும் தயங்காதீர்கள். அதை இயக்கியவர் ஜான் கிராக்கெட் என்பதால் ஹுசைனின் சேகரிப்பில் அதற்குத் திரையிலிருந்து எடுத்த புகைப்படங்கள்கூட இல்லை.

அன்புடன்,
பழைய தொலைக்காட்சி நாடகங்களை விரும்பும் ஒரு வாசகன்