ஹோப்பி மக்களுக்கும் நேற்று உண்டு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மொழிக்கும் காலத்துக்கும் உள்ள உறவை ஆராய்பவர்களுக்கு வழங்கப்படும் விருது குறித்து உங்கள் சென்ற இதழில் வந்த செய்தியைப் படித்தேன். மணற்கடிகார வடிவிலான நினைவுப் பரிசுக்கு அரைப் பக்கப் படம். விருது பெற்றவர் வினையெச்சங்களை ஆராய்ந்தவர் என்பதற்கு ஒரே ஒரு வரி. அதையும் பொறுத்துக்கொண்டிருப்பேன். ஆனால், அமெரிக்கப் பழங்குடியினரான ஹோப்பி மக்கள் பேசுவதை, ‘காலம் என்ற எண்ணமே இல்லாத ஹோப்பி மொழி’ என்று போகிற போக்கில் எழுதிவிட்டீர்களே!

இந்தக் கதையின் ரிஷிமூலம் உங்களுக்குத் தெரியாததல்ல. 1930களில் பெஞ்சமின் லீ வோர்ஃப் எழுதியது. தீக்காப்பீட்டு நிறுவனத்தில் வேலை பார்த்துக்கொண்டே மொழிகளை ஆராய்ந்த அபூர்வ மனிதர். அவரை நான் பழிக்கவில்லை. நியூயார்க்கில் வசித்த ஒரு ஹோப்பிக்காரரிடம் கேட்டறிந்ததே அவருக்குப் பெரும்பகுதி ஆதாரம். பிறகு வந்த மொழியியலாளர் எக்கெஹார்ட் மலோட்கி, அந்த மக்களிடமே கேட்டுக் கேட்டுத் திரட்டி, 1983இல் 600 பக்கங்களுக்கு மேற்பட்ட ஒரு நூலையே மறுப்பாக எழுதிவிட்டார். நாளைக் குறிக்கவும் மாதத்தைக் குறிக்கவும் பருவத்தைக் குறிக்கவும் அந்த மொழியில் வழி இருக்கிறது. எதிர்காலத்துக்கு வினையில் தனி விகுதியே இருக்கிறது. நாற்பது ஆண்டுகள் கழிந்தும் அந்தத் தபால் உங்கள் அலுவலகத்துக்கு வந்து சேரவில்லை போலும்.

நான் பள்ளியில் இலக்கணம் நடத்தியவன். ஒரு காலத்தை இன்னொரு காலமாகச் சொல்வதையும் ஏற்கும் கால வழுவமைதி பாடம் வந்தால் புத்தகத்தைத் திறக்கமாட்டேன். கடைசி வரிசையில் இருக்கும் ஒருவனைக் கரும்பலகைக்குக் கூப்பிடுவேன். அவன் பெஞ்சை விட்டு எழாமல், பேனா மூடியைத் தேடிக்கொண்டே, ‘வந்துவிட்டேன் ஐயா’ என்பான். வகுப்பே சிரிக்கும். விரைவு காரணமாக வரப்போவதையும் வந்ததாகச் சொல்வதுண்டு என்ற தொல்காப்பிய விதியை உட்கார்ந்த இடத்திலிருந்தே நடத்திக் காட்டிவிட்டான் பையன். ‘நாளை வருகிறேன்’ என்று நாமெல்லாம் நிகழ்காலத்தில்தானே விடைபெறுகிறோம்? உங்கள் செய்தியாளரின் அளவுகோலை வைத்தால், நேற்று எது, நாளை எது என்று தெரியாதவர்கள் நாம்தான். சங்கப் பாடல்களில் ‘கிறு’, ‘கின்று’ என்ற நிகழ்கால இடைநிலைகளைத் தேடிப் பிடிப்பதே அரிது. ‘செய்யும்’ என்ற வாய்பாடு அந்த வேலையையும் சேர்த்துப் பார்த்தது. அந்த இடைநிலைகளை நூற்பாவில் வைத்தது பின்னால் வந்த நன்னூல். ஆகவே கபிலருக்கு ‘இப்போது’ என்றால் என்னவென்றே தெரியாது என்று அடுத்த இதழில் தாராளமாக எழுதலாம். ‘காலம் தாமே மூன்றென மொழிப’ என்று தமக்கு முந்தையோர் சொன்னதாகத் தொல்காப்பியர் எழுதிவைத்திருப்பது ஒன்றுதான் இடைஞ்சல்.

இது முதல் முறையா என்றால் அதுவும் இல்லை. எதிர்காலத்துக்குத் தனி வினைவடிவம் கட்டாயமில்லாத மொழிகளைப் பேசுவோர் அதிகம் சேமிக்கிறார்கள் என்ற பொருளியலாளர் கீத் சென்னின் 2013ஆம் ஆண்டுக் கட்டுரையைக் கொட்டை எழுத்தில் போட்டீர்கள். மொழிகளுக்கு இடையிலான குடும்ப உறவைக் கணக்கில் எடுத்தால் அந்தத் தொடர்பு வலுவிழக்கிறது என்று 2015இல் அதே சென்னும் சேர்ந்து வெளியிட்ட ஆய்வைப் பற்றி நான் விரிவாக எழுதி அனுப்பினேன். வாதம் முழுவதையும் வெட்டிவிட்டு, ‘உங்கள் இதழைத் தவறாமல் படித்து வருகிறேன்’ என்ற வரியை மட்டும் அச்சேற்றினீர்கள். பெருந்தன்மைக்கு நன்றி. பனியைக் குறிக்க எஸ்கிமோக்களிடம் இருப்பதாகச் சொல்லப்படும் சொற்களோ உங்கள் பக்கங்களில் ஒவ்வொரு முறையும் எண்ணிக்கையில் கூடிக்கொண்டே போகின்றன. அதைப் பற்றி எழுதுவதை நான் விட்டுவிட்டேன்.

எனக்கு உண்மையில் ஆற்றாமை எதில் என்றால், ஒரு மொழியின் வினைகளை உட்கார்ந்து பிரித்துப் பார்த்தவருக்கு எப்போதாவது ஒரு விருது கிடைக்கிறது. அன்றைக்கும் அவர் என்ன செய்தார் என்று கேட்க ஆள் இல்லை. ‘நாளை வந்து சொல்வேன்’ என்கிறோம். ‘வந்து’ இறந்தகால வினையெச்சம். வருவதோ நாளை. சொல்வதற்கு முன்பே வருதல் முடிந்துவிடும் என்பதால் அங்கே இறந்தகாலம் நிற்கிறது. பேசும் நேரத்தை அது பொருட்படுத்துவதே இல்லை. இவ்வளவு சுவையான சங்கதி கைக்கெட்டும் தூரத்தில் இருக்க, உங்களுக்குக் காலமே அறியாத மனிதர்கள் தேவைப்படுகிறார்கள்.

அடுத்த இதழில், குறுக்கெழுத்துப் புதிரின் விடைக்கு அடியில் பொடி எழுத்தில் அல்லாமல், அந்தச் செய்தி வந்த பக்கத்திலேயே இரண்டு வரித் திருத்தம் வெளியிடக் கேட்டுக்கொள்கிறேன். இக்கடிதத்தைச் சுருக்கித்தான் ஆக வேண்டுமென்றால், மலோட்கியின் பெயரையும் 1983 என்ற ஆண்டையுமாவது விட்டுவையுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர்