முருகேசனுக்கு, சாம் ஷார்ப் பற்றி

அன்புள்ள முருகேசா,

கடிதம் கிடைத்தது. கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. டாக்டர் சொன்ன நாள் வரைக்கும் சொட்டு மருந்தை நிறுத்தாதே, வெயிலில் அலையாதே. இங்கே எல்லோரும் நலம். சின்னவளுக்கு வரன் பார்த்துக்கொண்டிருக்கிறோம், உன் பக்கம் நல்ல இடம் இருந்தால் சொல்.

சாம் ஷார்ப் பற்றிப் போனில் நீ கேட்ட கேள்வி மனதிலேயே இருக்கிறது. "வேலைநிறுத்தம் என்று கூப்பிட்டான், ஊர் பற்றி எரிந்தது. கூப்பிட்டவனுக்குப் பொறுப்பில்லையா?" காலமெல்லாம் மில் வாசலில் கொடி பிடித்து நின்றவன் நீ, உனக்கு அதைக் கேட்க உரிமை உண்டு. அதனால்தான் ஜமைக்காக்காரர் கதையை இங்கே கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

சாம் ஷார்ப், அப்போது பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த ஜமைக்காத் தீவின் மான்டேகோ பே நகரத்தில் வீட்டு வேலை பார்த்த அடிமை. எழுதப் படிக்கத் தெரியும். பாப்டிஸ்ட் கிறிஸ்தவ சபையில் டீக்கனாகவும், அதாவது சபைப் பொறுப்பாளராகவும் இருந்தார். லண்டன் பார்லிமென்டில் அடிமை முறையை ஒழிக்கப் பேச்சு நடப்பதைப் பத்திரிகைகளில் படித்து மற்றவர்களுக்கும் சொன்னார். ராஜா விடுதலை கொடுத்துவிட்டார், இங்குள்ள முதலாளிகள்தான் மறைக்கிறார்கள் என்ற நம்பிக்கை தோட்டம் தோட்டமாகப் பரவியது. ஷார்ப்பும் அதை நம்பினார்.

அவர் போட்ட திட்டத்தைப் பார். ராத்திரி ஜெபக்கூட்டம் முடிந்ததும் நம்பிக்கையான சிலரை மட்டும் இருக்கச் சொல்வார். கிறிஸ்துமஸ் விடுமுறை முடிந்த பிறகு யாரும் கரும்புக்காட்டில் இறங்கக் கூடாது, இனிமேல் கூலி கொடுத்தால்தான் வேலை. இதற்கு பைபிள்மேல் கைவைத்துச் சத்தியம் வாங்கிக்கொள்வார். கரும்பு முற்றி வெட்டுக்கு நிற்கிற காலம் அது. எப்போது வேலையை நிறுத்தினால் முதலாளிக்கு வலிக்கும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. முருகேசா, நோட்டீஸ் அடிக்க வழியில்லை, சங்கம் கிடையாது, சந்தா கிடையாது. வாய் வார்த்தையிலேயே தோட்டங்களை ஒன்றுசேர்த்திருக்கிறார் அந்த மனிதர்! படித்தபோது எனக்கு மெய்சிலிர்த்தது.

1831 டிசம்பர் 27 இரவு, கென்சிங்டன் தோட்டத்தில் கரும்புச் சக்கை குவித்து வைத்திருந்த கொட்டகை எரிந்தது. அது மேட்டில் இருந்த தோட்டம், சுற்றுவட்டாரமெல்லாம் வெளிச்சம் தெரிந்திருக்கிறது. அதற்குப் பிறகு ஒன்றன்பின் ஒன்றாகத் தோட்டங்கள் எரிந்தன. அந்தத் தீவில் அடிமைகள் ஏறத்தாழ மூன்று லட்சம் பேர், அதில் 60,000 பேர் வரை எழுந்ததாகச் சொல்கிறார்கள். பட்டாளம் வந்தது, ஜனவரி தொடக்கத்திலேயே அடக்கிவிட்டது.

இனி கணக்கைப் பார். கலகத்தில் செத்த வெள்ளைக்காரர்கள் 14 பேர். சண்டையில் செத்த அடிமைகள் சுமார் 200 பேர். அடங்கிய பிறகு விசாரணை என்ற பெயரில் கொன்றது 300 பேருக்கும் மேல். பன்றி திருடியதாகச் சொல்லிக்கூட ஒருவனைத் தூக்கில் போட்டிருக்கிறார்கள். மான்டேகோ பே சந்தைத் திடலில் தூக்குமரம் நட்டு, அடுத்த ஆள் வரும்வரை முந்தையவரின் உடலைத் தொங்கவிட்டு வைத்தார்கள்.

என் பதில் இதுதான். உன் மில்லில் வேலைநிறுத்தம் என்றால் பேச்சுவார்த்தைக்கு ஒரு மேஜையாவது இருந்தது. அடிமை "மாட்டேன்" என்று சொன்னால் அந்த நாட்டுச் சட்டத்தில் அதற்குச் சாட்டையும் சிறையும்தான். கூலி கேட்பதே கலகம் என்று எழுதி வைத்தவர்கள்மேல் பழியைப் போடாமல் ஷார்ப்மேல் எப்படிப் போடுவது?

ஆனால் அவர் நழுவவில்லை, அதையும் சொல்ல வேண்டும். சிறையில் அவரைப் போய்ப் பார்த்த ஹென்றி பிளெபி என்ற மெதடிஸ்ட் பாதிரியார் எழுதி வைத்திருக்கிறார். உயிர்கள் போனதற்கும் சொத்து அழிந்ததற்கும் ஷார்ப் வருந்தினாராம். விடுதலை கேட்டது தப்பு என்று மட்டும் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. "அடிமையாக வாழ்வதைவிட அதோ அந்தத் தூக்குமரத்தில் சாவதே மேல்" என்றார். 1832 மே 23 அன்று புது வெள்ளை உடுப்பில் அதே திடலுக்கு நடந்து வந்தார். அந்த உடுப்பைத் தைத்துக் கொடுத்தது அவருடைய எஜமான் வீட்டுப் பெண்களாம். அதைப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன்.

உடலை முதலில் துறைமுகத்து மணலில் புதைத்தார்கள். பிற்பாடு சபையார் தோண்டி எடுத்து, கோயிலுக்குள் பிரசங்க மேடைக்கு அடியில் அடக்கம் செய்தார்கள். 1975-ல் ஜமைக்கா அவரைத் தேசிய வீரராக அறிவித்தது. அந்தத் திடலுக்கும் இப்போது அவர் பெயர்தான்.

அவர் செத்து அடுத்த வருஷமே, 1833-ல், பிரிட்டிஷ் பார்லிமென்ட் அடிமை ஒழிப்புச் சட்டம் போட்டது. ஜமைக்காவில் நடந்ததுதான் அவர்களை அவசரப்படுத்தியது என்று நான் உறுதியாக நம்புகிறேன். நஷ்டஈடு இரண்டு கோடி பவுன், அதுவும் முதலாளிகளுக்கு! உழைத்தவனுக்குக் காலணா இல்லை. அதற்கு வாங்கிய கடன் 2015-ல்தான் அடைந்து முடிந்தது. விடுதலையானவர்களுக்குப் பதிலாகக் கரும்புக்காட்டுக்கு ஆள் தேடியபோதுதான் நம் ஜனங்களும் மொரீஷியஸுக்கும் கயானாவுக்கும் கப்பல் ஏறினார்கள். அந்தக் கதையை அடுத்த கடிதத்தில் எழுதுகிறேன்.

நான் சொன்னதில் உனக்கு உடன்பாடு இல்லையென்றால் தயங்காமல் எழுது. தொண்ணூற்றாறு நாள் கதவடைப்பின்போது பஸ் எரிந்த அன்று நீ என்ன செய்தாய் என்பதையும் எழுது, நீ அதை முழுசாகச் சொன்னதே இல்லை. தங்கச்சிக்கு என் அன்பைச் சொல்.

உன்,
ராமலிங்கம்