வட வியட்நாம் மலைக்குப் போகவிருக்கும் மகளுக்கு

மதுரை

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே அப்பாவும் நானும் நலம். அங்கே நீயும் மாப்பிள்ளையும் பிள்ளைகளும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். தீபாவளி விடுமுறையில் வியட்நாமுக்குப் போவதாகவும், அதில் இரண்டு நாளை வடக்கே ஹா ஜியாங் மலைக்கு ஒதுக்கி, இரண்டு மோட்டார் சைக்கிள்களை வாடகைக்கு எடுத்து, ஆளுக்கொரு பிள்ளையைப் பின்னால் உட்காரவைத்து நீங்களே ஓட்டப்போவதாகவும் மாப்பிள்ளை அனுப்பிய திட்டத்தைப் படித்தேன். நாங்கள் அந்த மலையைச் சுற்றி வந்தவர்கள் என்பதால் நீ என் கருத்தைக் கேட்டாய். தொலைபேசியில் சொன்னால் பாதி விட்டுப்போகும் என்பதால் எழுதுகிறேன். அந்த மலைக்கு நான்கு பகலும் மூன்று இரவும் கொடு. அங்கேயே பிறந்து வளர்ந்த வழிகாட்டி ஒருவரோடு போ. இரவுகளில் ஊர்க்காரர்களின் வீட்டிலேயே தங்கு. இந்த மூன்றும் முடியாதென்றால், இம்முறை அதை விட்டுவிட்டு வேறொரு வருடம் போவதே நல்லது.

முதலில் சாலையைப் பற்றிச் சொல்கிறேன். ஹனோயிலிருந்து ஹா ஜியாங் நகரமே சுமார் 300 கிலோமீட்டர். பேருந்தில் ஆறேழு மணி நேரம் ஆகும். மலைப்பயணம் அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது. குவான் பா, யென் மின், டோங் வான், மியோ வாக் என்ற நான்கு வட்டாரங்களில் விரிந்து கிடக்கும் சுண்ணாம்புக்கல் மேட்டுநிலம் அது. கடலடியில் படிந்த பாறை மேலெழுந்து, கோடிக்கணக்கான ஆண்டுகள் மழைநீரால் அரிக்கப்பட்டு, இன்று கூர்கூரான கருங்குன்றுகளாக நிற்கிறது. 2010இல் யுனெஸ்கோவின் புவிப்பூங்கா வரிசையில் வியட்நாமிலிருந்து முதலில் சேர்ந்தது இந்த இடம்தான். போடிமெட்டு வளைவுகளில் அலுக்காமல் கார் ஓட்டியவர் உன் அப்பா. அவரே மா பி லெங் கணவாயில் வண்டியை விட்டு இறங்கியதும் சிறிது நேரம் பேசவில்லை. ஒரு பக்கம் செங்குத்தான பாறை. மறு பக்கம் பல நூறு மீட்டர் ஆழத்தில் நோ குவே ஆறு ஒரு பச்சை நாடாவாகத் தெரிகிறது. எதிரே சரக்கு லாரி வந்தால் ஒதுங்கி நிற்பதற்கே பழக்கம் வேண்டும்.

அந்தச் சாலைக்கு மகிழ்ச்சிச் சாலை என்று பெயர் வைத்திருக்கிறார்கள். 1959இல் தொடங்கி 1965இல் முடித்திருக்கிறார்கள். பல மாகாணங்களிலிருந்து வந்த இளைஞர்களும் இளம் பெண்களும் உளியும் சுத்தியலும் கொண்டு வெட்டிய சாலை அது. மா பி லெங் பகுதியில் கால் வைக்கவே இடமில்லாததால், மலையுச்சியில் கயிற்றைக் கட்டி இடுப்பில் பிணைத்துக்கொண்டு, அந்தரத்தில் தொங்கியபடி மாதக்கணக்கில் பாறையைக் குடைந்திருக்கிறார்கள். வேலையில் உயிர்விட்டவர்களை அடக்கம் செய்த இடம் யென் மின்னில் இருக்கிறது. எங்கள் வழிகாட்டி அங்கே வண்டியை நிறுத்தி ஊதுபத்தி ஏற்றினார். இந்தக் கதை தெரியாமல் அந்தக் கணவாயைக் கடப்பவர்களுக்கு அது படம் பிடிக்கும் இடம் மட்டுமே. பிள்ளைகளுக்கு இதை அந்த இடத்தில் நின்று சொல்ல வேண்டும் என்பது என் ஆசை. வளைவுக்கு வளைவு ஹாண்டில்பாரைப் பிடித்துக்கொண்டிருக்கும் தகப்பனால் அதைச் சொல்ல முடியாது. மோட்டார் சைக்கிள்தான் வேண்டுமென்றால், உள்ளூர் ஓட்டுநர்கள் முன்னால் உட்கார்ந்து ஓட்ட, நீங்கள் பின்னால் உட்கார்ந்து போகும் ஏற்பாடு உண்டு. அங்கே அதை ஈசி ரைடர் என்கிறார்கள். பிள்ளைகளோடு போவதால் காரே போதும்.

வழிகாட்டி உள்ளூர்க்காரராக இருக்க வேண்டும் என்று நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. அந்த மலையில் வாழ்பவர்கள் ஒரே மக்கள் அல்லர். ஹ்மோங் மக்கள் பெரும்பான்மை. ஸாவோ, தாய், லோ லோ என்று வேறு மக்களும் அடுத்தடுத்த ஊர்களில் இருக்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனி மொழி, உடை, வீடு கட்டும் முறை. வயதான பெண்கள் பலருக்கு வியட்நாம் மொழியே சரளமாக வராது. ஹனோயிலிருந்து கூட வரும் வழிகாட்டி, எவ்வளவு படித்தவராக இருந்தாலும், அந்தப் பாட்டிகளின் முன்னால் நம்மைப் போலவே சிரித்துக்கொண்டு நிற்க வேண்டியதுதான். எங்களோடு வந்தவர் வீட்டில் ஹ்மோங் மொழி பேசி வளர்ந்தவர். அவர் போகிற இடமெல்லாம் யாரோ ஒரு அத்தையோ சித்தப்பாவோ இருந்தார்கள். முன்பணம் கட்டுவதற்கு முன்னால், வழிகாட்டி எந்த ஊர்க்காரர், வீட்டில் என்ன மொழி பேசுவார், தங்கும் வீட்டுக்கு நேரடியாகப் பணம் போய்ச் சேருகிறதா என்று கேள். இவற்றுக்குத் தெளிவாகப் பதில் சொல்லாதவர்களிடம் போகாதே. வெளிநாட்டவருக்கு வேண்டிய எல்லைப்பகுதி அனுமதிச் சீட்டையும் எங்களுக்கு வழிகாட்டியே வாங்கித் தந்தார். சீன எல்லையை ஒட்டிய மலை என்பதால் இதை முன்கூட்டியே கேட்டு வைத்துக்கொள்.

முதல் நாளில் லுங் தாம் என்ற ஹ்மோங் ஊருக்குப் போவீர்கள். அங்கே அவசரப்படுத்தாதே என்று மாப்பிள்ளையிடம் சொல். அந்த ஊர்ப் பெண்கள் கூட்டுறவாகச் சேர்ந்து சணல் துணி நெய்கிறார்கள். நம் சாக்குச் சணல் அல்ல அது; ஆளுயரத்துக்கு மேல் வளரும் வேறொரு செடி. அதை அறுத்துக் காயவைத்து, பட்டையை மெல்லிய நாராக உரித்து, ஒரு நாரின் நுனியை அடுத்த நாரோடு விரலாலேயே முறுக்கி இணைக்கிறார்கள். சந்தைக்கு நடந்து போகும்போதும் பெண்களின் கை இந்த வேலையைச் செய்துகொண்டே இருக்கிறது. பிறகு காலால் மிதிக்கும் பெரிய ராட்டையில் முறுக்கேற்றி, சாம்பல் நீரில் மறுபடி மறுபடி அவித்து வெளுத்து, அதன் பிறகே தறிக்குக் கொண்டுபோகிறார்கள். நெய்த துணி முரடாக இருக்கும். அதை ஓர் உருளைக்கட்டையின் மேல் பரப்பி, அதன்மேல் ஒரு தட்டைக் கல்லை வைத்து, ஒரு பெண் அந்தக் கல்லின் இரு முனைகளிலும் பாதங்களை ஊன்றி நின்று, உடலை இடமும் வலமும் சாய்த்துச் சாய்த்துக் கல்லை ஆட்டுகிறாள். அந்த அழுத்தத்தில் துணி மெல்ல மெல்ல வழவழப்பாகிறது. அந்தப் பெண் எதையும் பிடித்துக்கொள்ளவில்லை. ஆடிக்கொண்டே பக்கத்து வீட்டுக்காரியோடு பேசிக்கொண்டிருந்தாள்.

அதன் பிறகுதான் கோலம். தேன்மெழுகைக் கரி நெருப்பில் உருக்கி, செம்புத் தகடு பொருத்திய சிறு குச்சியால் தொட்டு, அச்சோ வரைகோலோ இல்லாமல் துணியில் கோடு இழுக்கிறார்கள். அந்தத் துணியை அவுரிச் சாயத்தில் முக்கி, உலர்த்தி, மறுபடி முக்கி, கருநீலம் ஏறும்வரை பல நாள் இதையே செய்கிறார்கள். கடைசியில் கொதிநீரில் மெழுகு கரைந்துபோக, கோடு வெள்ளையாக எழுந்து நிற்கிறது. சாயத்தொட்டியில் நின்ற பெண்ணின் முன்கை முழுவதும் நீலமாக இருந்தது.

நாம் முன்பு குடியிருந்த தெருவில், திண்ணையில் உட்கார்ந்து சுங்குடிக்கு முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்த சௌராஷ்டிரப் பெண்களை உனக்கு நினைவிருக்கும். துணியை நகநுனியால் கிள்ளி நூலைச் சுற்றி இறுக்கினால், சாயம் அந்த இடத்தில் ஏறாது. பிரித்தால் வெள்ளைப் புள்ளி. இங்கே நூல் செய்ததை அங்கே மெழுகு செய்கிறது. என் கைப்பையில் ஒரு பழைய கட்டுச் சுங்குடித் துண்டு இருந்தது. அதை எடுத்துக் கொடுத்தேன். அவர்களில் மூத்தவர் அதை வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்துப் பார்த்துவிட்டு, உடனே பின்பக்கம் திருப்பினார். விளக்குத்தூண் பக்கத்துக் கடைகளில் விவரம் தெரிந்தவர்கள் செய்வதும் அதுவே. நீயும் அங்கே துணி வாங்கும்போது பின்பக்கம் திருப்பிப் பார். மெழுகிட்டுச் சாயம் ஏற்றியதென்றால் இரு பக்கமும் கோலம் தெரியும். கோடு சற்றே தடித்தும் மெலிந்தும் போகும். சந்தையில் மலிவாகக் குவிந்திருக்கும் பாவாடைகளில் பெரும்பகுதி ஆலைகளில் அச்சடித்த செயற்கை இழைத் துணி. அதன் பின்பக்கம் வெளிறிக் கிடக்கும். நல்ல துணிக்கு விலை அதிகம்தான். அதில் பேரம் பேசாதே. இறந்தவர்களுக்குச் சணல் துணி உடுத்தி அனுப்பினால்தான் மூதாதையர் அவர்களை அடையாளம் கண்டுகொள்வார்கள் என்று ஹ்மோங் மக்கள் நம்புகிறார்கள். அதனாலேயே ஆலைத் துணி இவ்வளவு மலிந்த பிறகும் இந்த வேலை முழுதாக நின்றுபோகவில்லை.

முதல் இரவை ‘நாம் டாம்’ என்ற ஊரில் வைத்துக்கொள். ஸாவோ மக்களின் ஊர் அது. மண்ணை இடித்து இடித்து எழுப்பிய கனத்த சுவர் என்பதால் உள்ளே குளிர் தெரியாது. மூலிகை அவித்த நீரை மரத்தொட்டியில் நிரப்பிக் குளிக்கத் தருவார்கள். நாள் முழுக்க வண்டியில் குலுங்கி வந்த இடுப்புக்கு அது மிக நல்லது. இரண்டாம் இரவுக்கு லோ லோ மக்களின் ஊரான லோ லோ சாய். அதன் அருகே லுங் கூ குன்றில், வியட்நாமின் 54 இனங்களைக் குறிக்க 54 சதுர மீட்டரில் நாட்டுக் கொடி பறக்கிறது. போகும் வழியில் சா பின் என்ற ஊரில் ஹ்மோங் குறுநிலத் தலைவர் ஒருவரின் கல்மாளிகை இருக்கிறது. அபின் வணிகத்தில் செழித்த குடும்பம் என்பதால் தூண்களின் அடிக்கல்லைக்கூடக் கசகசாக் காயின் வடிவத்தில் செதுக்கி வைத்திருக்கிறார்கள். அதற்கு ஒரு மணி நேரம் போதும்.

அந்த மாளிகையைவிட, அதைச் சுற்றியுள்ள வயல்களை நின்று பார். அவற்றை வயல் என்று சொல்வதே கடினம். பாறைக்கும் பாறைக்கும் நடுவே ஒரு பானை அளவுக்குக் குழி இருந்தால், கீழிருந்து முதுகுக் கூடையில் மண் சுமந்து வந்து கொட்டி, மழையில் கரையாமல் சுற்றிலும் சிறு கற்களை அடுக்கி, அதில் மக்காச்சோளம் ஊன்றுகிறார்கள். பேரையூர்ப் பக்கம் மானாவாரிப் புஞ்சையில் கல் பொறுக்கியே முதுகு வளைந்தவர்களின் பேத்தி நான். அந்தக் குழிகளில் பயிர் நிற்பதைப் பார்த்தபோது கையெடுத்துக் கும்பிடத் தோன்றியது. அந்தச் சோளத்தைக் கல் இயந்திரத்தில் அரைத்து, நீர் தெளித்து, இருமுறை ஆவியில் வேகவைத்து மென் மென் என்ற பெயரில் சோற்றுக்குப் பதிலாக உண்கிறார்கள். உதிர்உதிராக, நெஞ்சை அடைக்கும் பதத்தில் இருக்கும். நம் ஊர்ப் பருப்புப் பொடியும் நெய்யும் சேர்த்தால் பேரன் கட்டாயம் சாப்பிடுவான். சந்தையில் குதிரையின் குடல், ஈரல் எல்லாம் சேர்த்துக் கொதிக்கவைத்த தாங் கோ என்ற குழம்பு விற்பார்கள். சைவச் சாப்பாடு வேண்டுமென்று வழிகாட்டியிடம் முதல் நாளே சொல்லிவிடு. எங்களுக்குக் கீரையும் டோஃபுவும் முட்டைக்கோசும் எந்த வீட்டிலும் தாராளமாகவே கிடைத்தன.

இன்னொன்றைக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். தாம் மா ஏற்றத்தில் வண்டிகள் நிற்கும் இடத்தில், முதுகுக் கூடை நிறையப் பூக்களோடு சிறு குழந்தைகள் நிற்பார்கள். படம் எடுத்தால் காசு கேட்பார்கள். பிள்ளைகள் மனம் இளகி உன் கையைப் பிடித்து இழுப்பார்கள். கொடுக்காதே. சாலையோரத்தில் காசு கிடைக்கிறது என்றால், பள்ளிக்கூடத்துக்கு அனுப்ப வேண்டிய பிள்ளையை அங்கே கொண்டுவந்து நிறுத்துகிறார்கள். வகுப்பறையில் காலி பெஞ்சுகளைப் பார்த்துப் பழகியவள் என்பதால் இதில் எனக்குச் சிறு தயக்கமும் கிடையாது. கொடுக்க நினைக்கும் பணத்தைத் தங்கும் வீட்டில் ஒரு வேளைச் சாப்பாட்டுக்குக் கூடுதலாகக் கொடு; நெசவுக்காரப் பெண்ணிடம் ஒரு துண்டு அதிகமாக வாங்கு. பெரியவர்களைப் படம் எடுப்பதானாலும் வழிகாட்டியை விட்டு முதலில் கேட்கச் சொல்.

நீங்கள் தேர்ந்தெடுத்த காலம் மிக நல்ல காலம். அக்டோபர் கடைசியிலிருந்து நவம்பர் வரை பக்வீட் என்ற தானியப் பயிர் பூத்து, பாறைகளுக்கிடையே இளஞ்சிவப்பாக விரிந்திருக்கும். ஜூன் முதல் செப்டம்பர் வரை அந்த மலை மழையில் சரியும். அப்போது யார் கூப்பிட்டாலும் போகக் கூடாது. தீபாவளிக்கு மதுரைக்கு வரவில்லையே என்று நாங்கள் வருந்த மாட்டோம். பொங்கலுக்கு நான்கு நாள் சேர்த்து வந்து இருங்கள்.

பயண நாள்களை அமைக்கும்போது மூன்றாம் இரவு மியோ வாக்கில் சனிக்கிழமையாக விழும்படி பார்த்துக்கொள். மறுநாள் ஞாயிற்றுச் சந்தைக்குச் சுற்றியுள்ள மலைகளிலிருந்தெல்லாம் விடியுமுன்னே நடந்து வருவார்கள். ஆறு மணிக்கே போய்விட வேண்டும். அப்படியானால் ஹா ஜியாங்கிலிருந்து வியாழக்கிழமை காலை புறப்பட வேண்டும். அதற்கேற்ப ஹனோய் விமானச் சீட்டை மாப்பிள்ளை மாற்றி எடுக்கட்டும். வழிகாட்டி எங்களிடம் கொடுத்த எண் அப்பாவின் குறிப்பேட்டில் இருக்கிறது. தேதி முடிவானதும் சொல், எடுத்து அனுப்புகிறேன். சணல் நூலில் ஒரு சிட்டம் மட்டும் எனக்கு வாங்கி வா. சாயம் ஏற்றாததாக இருக்கட்டும்.

பிள்ளைகளுக்கு என் முத்தம்.

அன்புடன்,
அம்மா