அனத்தோல் டோமான்: ஒரு தயாரிப்பாளரைப் பற்றி நண்பருக்கு

அன்புள்ள சிவராமன்,

உங்கள் கடிதம் கிடைத்தது. மகளுக்கு மாற்றல் உத்தரவு வந்துவிட்டதையும், திரைப்படச் சங்கத்தின் பொறுப்பை நீங்கள் மறுபடியும் ஏற்றிருப்பதையும் அறிந்து மகிழ்ச்சி. இங்கே அனைவரும் நலம்; கண் அறுவை சிகிச்சைக்குப் பிறகு எனக்குப் படிப்பதில் சிரமமில்லை.

எப்போதும் இயக்குநர் பெயரிலேயே படவரிசை அமைக்கிறோமே, இம்முறை ஒரு தயாரிப்பாளர் பெயரில் அமைத்தால் என்ன என்று கேட்டிருந்தீர்கள். தாராளமாகச் செய்யலாம். அனத்தோல் டோமானை எடுத்துக்கொள்ளுங்கள். 1925இல் வார்சாவில் பிறந்து பிரான்சில் வேரூன்றிய அவர், 1949இல் பிலிப் லிஃப்ஷிட்ஸுடன் சேர்ந்து ஆர்கோஸ் பிலிம்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். ஆரம்பத்தில் அவர்கள் எடுத்தவை குறும்படங்கள்தாம். 1955இல் அலென் ரெனே இயக்கிய, முப்பத்திரண்டு நிமிடமே ஓடும் ‘நைட் அண்ட் ஃபாக்’ ஆர்கோஸின் தயாரிப்புதான். நாஜி வதைமுகாம்களைப் பற்றிய அப்படத்தில், பிரான்சிலிருந்த தடுப்பு முகாம் ஒன்றின் புகைப்படத்தில் பிரெஞ்சுக் காவலர் ஒருவரின் தொப்பி தெரிந்தது; அது பிரெஞ்சுக்காரர்களின் உடந்தையைக் காட்டிவிடும் என்பதால் தணிக்கைக் குழு முரண்டுபிடித்தது. கடைசியில் அந்தத் தொப்பியை மறைத்த பிறகே அனுமதி கிடைத்தது. அடுத்த ஆண்டு, மேற்கு ஜெர்மனியின் எதிர்ப்பால், பிரான்சின் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவிலிருந்தும் படம் விலக்கப்பட்டது.

அந்தப் படம் பெற்ற கவனத்தால், அணுகுண்டைப் பற்றியும் ஓர் ஆவணப்படம் எடுக்க வேண்டும் என்று ரெனேயிடம் கேட்டுக்கொண்டார்கள். ஏற்கெனவே செய்ததையே திரும்பச் செய்வதாகிவிடும் என்று அவர் தயங்கினார், பிறகு நாவலாசிரியர் மார்கெரித் துராஸ் எழுத வந்தார், ஆவணப்படம் கதைப்படமாயிற்று. ஜப்பானின் டாயெய் (Daiei) திரைப்பட நிறுவனத்துடன் செய்துகொண்ட கூட்டுத் தயாரிப்பு ஒப்பந்தம், முதன்மை நடிகர்களில் ஒருவர் பிரெஞ்சுக்காரராகவும் மற்றவர் ஜப்பானியராகவும் இருக்க வேண்டும், படப்பிடிப்பு இரு நாடுகளிலும் நடக்க வேண்டும் என்று விதித்தது. எம்மானுவேல் ரிவாவும் எய்ஜி ஒகாதாவும் நடித்து 1959இல் வந்த ‘ஹிரோஷிமா மோன் அமூர்’ படத்தின் கதைப்போக்கையே அந்த நிபந்தனைகளில் பார்க்கலாம். பணம் போடுபவர் விதிக்கும் நிபந்தனை கலைக்குப் பகை என்று நாம் வழக்கமாகப் புலம்புகிறோம் அல்லவா? டோமானின் படங்களைப் பார்த்த பின் நான் அப்படிப் புலம்புவதில்லை.

இதைவிடத் துணிச்சலானது ஜப்பானிய இயக்குநர் நாகிஸா ஓஷிமாவுடன் டோமான் செய்த வேலை. பாலுறவை ஒளிவுமறைவின்றிக் காட்டும் படத்தை ஜப்பானியச் சட்டம் அனுமதிக்காது. ஆகவே பிரான்சிலிருந்து கச்சா ஃபிலிம் ஜப்பானுக்குப் போனது. அங்கே படப்பிடிப்பு நடந்தது. கழுவப்படாத நெகட்டிவ் அப்படியே பிரான்சுக்குத் திரும்பியது. லேப் வேலையும் படத்தொகுப்பும் அங்கேதான் நடந்தன. 1976இல் வந்த ‘இன் தி ரியல்ம் ஆஃப் த சென்சஸ்’ இப்படித்தான் உருவானது. ஆனாலும் படத்தின் திரைக்கதையையும் புகைப்படங்களையும் புத்தகமாக வெளியிட்டதற்காக ஜப்பானில் ஓஷிமா மீது ஆபாச வழக்குத் தொடரப்பட்டது. நெடுநாள் இழுத்து, இறுதியில் விடுதலையானார். இப்படத்தை உங்கள் சங்கத்தில் திரையிட முடியாது என்பதால் விவாதத்தில் மட்டும் குறிப்பிடுங்கள்.

பிற்காலத்தில் டோமான், ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸுடன் ‘பாரிஸ், டெக்சாஸ்’ (1984), ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ (1987) ஆகியவற்றில் பங்கெடுத்தார். முதலாவது கானில் தங்கப் பனை என்னும் முதன்மை விருதை வென்றது. இவற்றில் பலவும் பலர் சேர்ந்து தயாரித்தவை என்பதால், எல்லாப் புகழையும் அவருக்கே சூட்டிவிடாதீர்கள். 1998இல் அவர் காலமானார்.

வரிசையை, ஆர்கோஸ் தயாரித்த கிறிஸ் மார்க்கரின் ‘லா ஜெட்டே’ படத்தில் தொடங்குங்கள். இருபத்தெட்டு நிமிடங்கள், ஏறக்குறைய முழுவதும் அசையாப் புகைப்படங்கள். உறுப்பினர்கள் சலிப்பதற்குள் முடிந்துவிடும். அதே மாலையில் ‘நைட் அண்ட் ஃபாக்’ வேண்டாம், அதற்குத் தனி நாள் ஒதுக்குங்கள். ‘ஹிரோஷிமா’ படத்துக்கு முன்னுரைக் குறிப்பு நான் எழுதித் தருகிறேன். தேதி முடிவானதும் தெரிவியுங்கள்.

என்றும் அன்புடன்,
ராஜகோபால்